மலையில் சொன்ன வார்த்தை

ஜமாஅத் அலுவலகத்தில் எனக்குக் கொடுத்த நாற்காலியின் ஒரு கால் கொஞ்சம் குட்டை. சாய்ந்தால் ஆடியது. நிமிர்ந்து உட்கார்ந்தால் ஆடவில்லை. அதனால் நிமிர்ந்தே உட்கார்ந்திருந்தேன். திமிராக வந்திருக்கிறான் என்று சிலர் நினைத்திருக்கக்கூடும்.

அசர் தொழுகை முடிந்து ஆட்கள் கலைந்துவிட்டார்கள். மேசைக்குப் பின்னால் செயலாளர் மைதீன் காக்கா. பக்கத்தில் உஸ்தாது; எங்கள் ஊரில் பள்ளி இமாமை அப்படித்தான் அழைப்போம். சுவரோரமாக நிஜாம், என் மனைவி ரஹ்மத்தின் தம்பி.

மனைவி என்று எழுதிவிட்டேன். அந்தச் சொல்லை நான் எழுதலாமா கூடாதா என்று தீர்மானிக்கத்தான் அன்றைக்குக் கூடியிருந்தோம்.

ரஹ்மத் பக்கத்து அறையில் இருந்தாள். நோன்புக் கஞ்சி காய்ச்சும் பெரிய பாத்திரங்களைப் போட்டுவைக்கிற அறை அது. கதவு பாதி சாத்தியிருந்தது. உள்ளே நுழையும்போது வாசலில் கிடந்த செருப்புகளில் அவளுடையது எது என்று பார்த்தேன். எனக்குத் தெரியவில்லை.

"சாகுலே, நேராட்டு கேக்கேன்," என்றார் மைதீன் காக்கா. "லெட்டர்ல எத்தன தலாக் எழுதினீரு?"

"ஒண்ணு."

"ஒண்ணுதான். லெட்டர் இங்க இருக்கு. மூணும் சேத்து எழுதியிருந்தா இப்பொ போலீஸ் ஸ்டேஷன்ல உக்காந்திருப்பீரு. சட்டம் மாறியாச்சு, தெரியும்லா."

"தெரியும்."

"அதுக்குப் பொறவு?"

"அதுக்குப் பொறவு அவள திருப்பி எடுத்துக்கிட்டேன். இத்தா முடியுறதுக்கு முன்னயே சொல்லியாச்சு."

"யாருகிட்ட சொன்னீரு?"

அந்த ஒரு கேள்விக்கான பதிலைத்தான் விமானத்தில் ஏறியதிலிருந்து எப்படிச் சொல்வது என்று யோசித்துக்கொண்டு வந்தேன்.

ஒன்று போதும்

நான் எட்டாம் வகுப்பின் பாதியில் பள்ளிக்கூடத்தை விட்டவன். கீரிப்பாறையில் ரப்பர் பால் வெட்டினேன். மயிலாடியில் கல் கொத்தினேன். மார்த்தாண்டத்தில் லாரிக்குக் கிளீனராக இருந்தேன். எதிலும் இரண்டு வருடம் நிலைத்ததில்லை. வேலை பிடிக்காமல் போனதில்லை. ஓர் இடத்தில் டீக்கடைக்காரர் முதல் எல்லோருக்கும் என் பெயர் தெரிந்துவிட்டால் அங்கிருந்து கிளம்பத் தோன்றும். அவ்வளவுதான்.

ரஹ்மத்தை நிக்காஹ் செய்த பிறகும் அந்தக் குணம் மாறவில்லை. எட்டு மாதம் அவள் வீட்டில் இருந்தேன். பிறகு விமானம். ஆறு வருடத்தில் இரண்டு தடவை வந்து போனேன். குழந்தை இல்லை.

அவள் தன் உம்மாவிடம் என்னைப் பற்றிச் சொல்வாளாம்: "அவியளுக்கு ஓடத்தான் தெரியும். பொய் சொல்லத் தெரியாது." நிஜாம் ஒரு தடவை சிரித்துக்கொண்டே என்னிடம் சொன்னான். நான் அதை நல்ல சான்றிதழாகவே எடுத்துக்கொண்டேன்.

ஒருநாள் போனில் சொன்னாள்: "வாறதுன்னா வாங்க. இல்லன்னா என்ன விட்டுருங்க. ரெண்டுல ஒண்ணு சொல்லிருங்க." கோபமாகச் சொல்லவில்லை. கேஸ் தீர்ந்துவிட்டது, சிலிண்டருக்குச் சொல்லணும் என்பதுபோலச் சொன்னாள்.

இரண்டில் ஒன்று சொல் என்று யாராவது கேட்டால் எனக்கு ஆகாது. அன்றைக்கே காகிதம் எடுத்தேன். கூட வேலை பார்த்த இரண்டு மலையாளிகள் சாட்சிக் கையெழுத்துப் போட்டார்கள். அவர்களில் மூத்தவர் பேனாவை வாங்கும்போது, "ஒண்ணு மதி. வாதில் அடைக்கண்டா," என்றார். ஒன்று போதும், கதவைச் சாத்திவிடாதே என்று அர்த்தம்.

அவர் சொன்னது எங்கள் சட்டம்தான். ஒரு தலாக் சொன்னால் பெண் இத்தா இருக்க வேண்டும். மூன்று மாதவிலக்கு வரைக்குமான காத்திருப்பு அது. அதற்குள், திருப்பி எடுத்துக்கொண்டேன் என்று கணவன் வாயால் சொன்னால் போதும். பழைய நிக்காஹ் அப்படியே தொடரும். புதிதாக மஹர் பணம் வேண்டாம், பந்தி வேண்டாம். பெண்ணிடம் கேட்க வேண்டும் என்றுகூட இல்லை.

கதவு திறந்திருக்கிறது என்ற தைரியத்தில்தான் கடிதத்தை ஒட்டினேன் என்று இப்போது தெரிகிறது.

இரண்டு வீடு, ஒரு சுவர்

பெய்ரூட்டில் நான் வேலை பார்த்த கல்பட்டறையை மூடிய பிறகு அங்குள்ள மலைக்குப் போனேன். அவளைத் திருப்பி எடுத்துக்கொண்டது அங்கே வைத்துத்தான். துரூஸ் மக்கள் வாழும் ஊர்.

இப்படி ஒரு கூட்டம் உலகத்தில் உண்டு என்பதே அங்கே போகும்வரை எனக்குத் தெரியாது. அரபி பேசுகிறார்கள். இறைவன் ஒருவன் என்கிறார்கள். ஆனால் எங்களைப் போல ஐந்து நேரத் தொழுகை இல்லை. ரமலானில் பகலிலும் அடுப்பு எரியும். வெளியாள் யாரும் அவர்களோடு சேர முடியாது. அந்த வயிற்றில் பிறந்தால்தான் உண்டு. வியாழக்கிழமை சாயங்காலம் வெள்ளைத் தொப்பி வைத்த பெரியவர்கள் தங்கள் தொழுகை வீட்டில் கூடுவார்கள். வேதத்தை வாசிக்கும்போது உள்ளே யார் இருக்கலாம் என்பதற்குக் கணக்கு உண்டு. நான் வெளியே கல்லில் உட்கார்ந்து, சன்னல் வெளிச்சத்தைப் பார்த்துக்கொண்டிருப்பேன்.

வெள்ளிக்கிழமை எனக்குரிய நாள். நடந்து போகும் தூரத்தில் பள்ளிவாசல் இல்லை. ஆப்பிள் கிடங்கில் ஓர் அட்டைப்பெட்டியைப் பிரித்து விரித்து, தனியாக மத்தியான லுஹர் தொழுவேன். முடிவில் தலையைத் திருப்பிச் சலாம் கொடுக்கும்போது வலது பக்கம் ஏணி, இடது பக்கம் மருந்தடிக்கும் பம்பு.

என் முதலாளி அபூ நதீமுக்கு எழுபது வயது இருக்கும். மலைச்சரிவில் படிப்படியாக ஆப்பிள் தோட்டம். ஒவ்வொரு பனிக்காலமும் தாங்குசுவர்கள் சரியும். மறுபடி அடுக்க வேண்டும். மயிலாடியில் பழகிய கை அங்கே உதவியது.

அவர் வீட்டுக்கும் அடுத்த வீட்டுக்கும் நடுவே இடுப்பு உயரக் கல்சுவர். அடுத்த வீட்டில் இருந்தவர் உம்மு நதீம். அபூ நதீம், உம்மு நதீம் என்றால் நதீமின் வாப்பா, நதீமின் உம்மா என்று பொருள். மூத்த மகன் பெயரை வைத்துத்தான் அங்கே பெற்றோரைக் கூப்பிடுவார்கள்.

தினமும் காலையில் அபூ நதீம் ஒரு பெட்டி பழத்தை அந்தச் சுவரின்மேல் வைக்கச் சொல்வார். மத்தியானம் காலிப் பெட்டி அங்கேயே இருக்கும். அதற்குள் துணி சுற்றிய ரொட்டி இருக்கும். இரண்டு பேரும் பேசி நான் பார்த்ததில்லை.

"ரெண்டு பேருக்கும் சண்டையா?" என்று ஒருநாள் என் அரைகுறை அரபியில் கேட்டேன்.

"சண்டை ஒரு வாரத்தில் தீர்ந்தது. அதற்குள் தலாக் ஆகிவிட்டது," என்றார். "இவனுக்கு அப்போது மூன்று வயது." மகனைச் சொன்னார். அந்த மகனுக்கு இப்போது தலை நரைக்கத் தொடங்கியிருந்தது.

"அதுக்கென்ன, திரும்பவும் கட்டிக்கலாமே?"

மண்ணில் புதைத்தவரைத் தோண்டி எடுத்து எழுப்பலாமே என்று நான் சொன்னதுபோலப் பார்த்தார்.

அவர்கள் சட்டம் அப்படி. ஒருவனுக்கு ஒரு மனைவிதான். தலாக்கை அவர்களுடைய நீதிபதிதான் தர வேண்டும். தந்துவிட்டால் முடிந்தது. இரண்டு பேரும் வேறு யாரையும் கட்டலாம். அதே ஆணும் அதே பெண்ணும் மட்டும் ஆயுள் முடியும்வரை சேர முடியாது. ஒரே கூரைக்குக் கீழே இருக்கவும் கூடாது. அபூ நதீமும் வேறு கட்டவில்லை, அந்த அம்மாவும் கட்டவில்லை.

"கோபம் போய்விட்டது," என்றார். "தீர்ப்பு போகவில்லை."

வால்நட் மரம்

நதீமின் நிச்சயதார்த்தம் தாயின் வீட்டில் நடந்தது. முற்றத்தில் நாற்காலி போட்டிருந்தார்கள். அபூ நதீம் கறுப்புக் கோட்டுப் போட்டுக்கொண்டு வந்தவர்களின் கையைப் பிடித்துக் குலுக்கிக்கொண்டிருந்தார். திடீரென்று மழை பிடித்தது. எல்லோரும் சிரித்துக்கொண்டே தட்டுகளைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்குள் ஓடினார்கள்.

அவர் மட்டும் வேலியோரம் இருந்த வால்நட் மரத்தடிக்கு நடந்து போனார்.

நான் ஆப்பிள் மூடும் பிளாஸ்டிக் விரிப்பைக் கொண்டுபோய் இரண்டு பேர் தலைக்கும் மேலே பிடித்தேன். உள்ளேயிருந்து மகன் கூப்பிட்டான். சம்பந்தி வீட்டார் கூப்பிட்டார்கள்.

"கூப்பிடுறாங்களே, போங்க," என்றேன்.

"அவள் உள்ளே இருக்கிறாள்," என்றார்.

சின்னக் கோப்பையில் காப்பி வந்தது. விரிப்பின் ஓட்டை வழியே அதில் மழைத்தண்ணீர் சொட்டியது. அப்படியே குடித்தார். மகன் பெண்ணுக்கு மோதிரம் போடுவதைச் சன்னல் வழியாகப் பார்த்தார். எனக்குக் கை வலித்தது. கையை மாற்றிப் பிடித்தேன்.

சொன்னது

கடைசி ஆப்பிளும் பறித்த நாள். நான் கடிதம் போட்டு இரண்டு மாதம் தாண்டியிருந்தது. விஷயம் அபூ நதீமுக்குத் தெரியும். சுவரில் உட்கார்ந்து ரொட்டியைப் பிய்த்துக்கொண்டே கேட்டார்.

"உன் பெண்ணுக்கு இன்னும் எத்தனை நாள் மிச்சம்?"

"ரெண்டு மூணு வாரம் இருக்கும்."

"திரும்ப எடுக்க நீதிபதியிடம் போக வேண்டுமா?"

"வேண்டாம். வாயால சொன்னா போதும்."

"யாரிடம்?"

"யாருகிட்டன்னு இல்ல. சொன்னா போதும்."

ரொட்டியைச் சுவரின்மேல் வைத்தார். "அப்படியானால் சொல்," என்றார். "அது எப்படி இருக்கும் என்று ஒரு தடவை நான் கேட்க வேண்டும்."

நான் சொன்னேன். முதலில் தமிழில், பிறகு அரபியில். ரஹ்மத்தை என் நிக்காஹ்வில் திருப்பி எடுத்துக்கொண்டேன். விளையாட்டாகச் சொல்லவில்லை. சொல்லும்போது அவள் அடுக்களையில் நின்று தேங்காய் துருவுகிற முதுகு ஞாபகம் வந்தது.

"இவ்வளவுதானா?" என்றார்.

"இவ்வளவுதான்."

அவர் சுவருக்கு அந்தப் பக்கம் பார்த்தார். பிறகு என் பையைக் காட்டினார். "போனை எடு. அவளுக்குச் சொல்."

போனை எடுத்தேன். சிக்னல் இருந்தது. கீழே சாலையில் லாரிக்காரன் ஹாரன் அடித்தான். எனக்குள் பெரிய நிம்மதி வந்திருந்தது. சொல்லியாகிவிட்டது, அவள் என் மனைவி, மனைவியிடம் எப்போது வேண்டுமானாலும் பேசிக்கொள்ளலாம் என்று தோன்றியது. போனைப் பையில் போட்டுவிட்டுப் பெட்டி ஏற்றப் போனேன்.

மறுவாரம் வேறு ஊரில் வேலை. அதற்கடுத்து இன்னொன்று. போன் பண்ணினால் எப்போது வாறிய என்று கேட்பாள், அதற்குப் பதில் வேண்டும். பதில் கிடைத்த பிறகு பண்ணலாம் என்று விட்டேன். சட்டத்துக்குப் போதுமானது அவளுக்கும் போதும் என்று நினைத்துவிட்டேன். மதரசாவில் பாதி படித்தவன் செய்கிற தப்பு. முழுக்கப் படித்தவனுக்குப் பயம் இருந்திருக்கும். படிக்காதவன் போன் பண்ணியிருப்பான்.

நான்கு மாதம் கழித்து உறவுக்காரன் ஒருவன் வாட்ஸ்அப்பில் பேசி அனுப்பினான். ரஹ்மத்துக்கு நிக்காஹ் பேசி முடித்தாயிற்று. மார்த்தாண்டத்தில் செருப்புக் கடை வைத்திருக்கிறவர், மனைவி இறந்தவர், நல்ல மனிதர். அதை மூன்று தடவை கேட்டேன். அன்றைக்கே டிக்கெட்டுக்குச் சொன்னேன்.

சாட்சி

இதையெல்லாம் மைதீன் காக்காவிடம் இவ்வளவு விரிவாகச் சொல்லவில்லை. சுருக்கமாகச் சொன்னேன்.

"அந்த மனுசன் முஸ்லிமா?" என்றார்.

"துரூஸ்."

"அப்பிடின்னா? தொழுவாவளா?"

"நம்மள மாதிரி இல்ல."

"வேதம்?"

"தனியா இருக்கு. வெளியாளுக்குக் காட்டமாட்டாங்க."

"கேட்டா நம்மள சேத்துக்கிடுவாவளா?"

"மாட்டாங்க. யாரையும் சேக்க மாட்டாங்க."

"அப்பொ நீரு கேட்டுப் பாத்திருக்கீரு," என்றார் மைதீன் காக்கா. நிஜாம்கூடச் சிரித்துவிட்டான்.

சிரிப்பு அடங்கியதும் நிஜாம் முகத்தைத் திருப்பிக்கொண்டான். "லாத்தாக்குக் கல்யாணம் உறுதியானத கேட்ட பொறவுதானே ஓடி வந்திய? அதுவர இந்த மலக்கத எங்க போச்சு?"

"நிஜாமே, இரு," என்றார் உஸ்தாது. என் பக்கம் திரும்பினார். சின்ன வயதுக்காரர்தான், ஆனால் பேச்சில் அவசரம் கிடையாது. "அந்தப் பெரியவரு நல்லவராட்டு இருக்கலாம். ஆனாலும் அவரு சாட்சி இதுல எடுபடாது. அதுவும் ஒருத்தருதான். நீரு அப்பவே சொன்னது உண்மையின்னா, சாட்சி இல்லாட்டாலும் அல்லாகிட்ட அது செல்லும். ஆனா இத்தா முடிஞ்ச பொறவு வந்து, அப்பவே சொன்னேன்னு சொல்லுதீரு. சாட்சி இல்லன்னா பெண்ணு அத ஒத்துக்கிடணும். ஒத்துக்கிடலன்னா அவ வார்த்ததான் நிக்கும்."

பிறகு பாதி சாத்திய கதவைப் பார்த்துச் சொன்னார். "ரஹ்மத்தே, கேட்டுதா மோளே? அவரு சொல்லுதது உண்மைன்னு நீ ஒத்துக்கிட்டா பழைய நிக்காஹ் நிக்கும். மார்த்தாண்டத்துக்காரருக்கு நாங்க பதில் சொல்லிக்கிடுவோம். இல்லன்னு சொன்னா இத்தோட முடிஞ்சு. உன்ன ஆரும் நிர்ப்பந்திக்க மாட்டாவ."

உள்ளே ஒரு பாத்திரத்தின் மூடி நகர்கிற சத்தம் கேட்டது. அவள் அதன்மேல் சாய்ந்திருந்தாளோ என்னவோ.

"அவியகிட்ட ஒண்ணு கேக்கணும்," என்றாள். ஆறேழு மாதம் கழித்து அந்தக் குரலைக் கேட்கிறேன்.

"கேளு."

"அண்ணைக்கு அங்க போன்ல டவர் இருந்துதா?"

இல்லை என்று சொல்லியிருக்கலாம். மலை, பனி, வெளிநாடு. அந்த அறையில் யாரும் மறுத்திருக்க மாட்டார்கள். நிஜாம் என்னையே பார்த்தான்.

"இருந்துது," என்றேன்.

மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது. மைதீன் காக்கா பதிவேட்டின்மேல் கையை வைத்து, தாள் பறக்காமல் அழுத்திக்கொண்டார்.

"மூணு மாசமும் குளிக்கப் போகும்போதுகூட போன கொண்டு போவேன்," என்றாள் ரஹ்மத். "வாசல்ல பக்கெட்டு மேல வச்சிட்டுக் குளிப்பேன். உம்மா ஏசுவா. மலையில நிண்ணு ஆரோ ஒரு மனுசன்கிட்ட சொல்லியிருக்காவ. எங்கிட்ட சொல்லல்ல."

"மோளே, நம்புதியா இல்லியா? அது போதும்."

"நம்பல்லன்னு எழுதிக்கிடுங்க."

"நீ வாயால சொல்லு. நான் எழுதுதேன்," என்றார் மைதீன் காக்கா.

"நான் நம்பல்ல."

டவர் இருந்தது என்று சொன்னவனை நம்பாதவர்கள் அந்தக் கட்டடத்தில் யாரும் இருந்திருக்க முடியாது. உஸ்தாது தலையைக் குனிந்துகொண்டார். அல்லாஹ்விடம் அவளுடைய இந்த வார்த்தைக்கு யார் பதில் சொல்வது என்று ஒரு நிமிடம் யோசித்தேன். நான்தான் என்று முடிவு செய்தேன்.

"உமக்கு வல்லதும் சொல்லணுமா?" என்றார் மைதீன் காக்கா.

"இல்ல. எழுதிக்கிடுங்க."

அவர் எழுதி முடித்துப் பதிவேட்டைத் திருப்பினார். கையெழுத்துப் போட்டேன். நாற்காலி ஒரு தடவை ஆடியது.

ஆட்டோ வரும்வரை

அதற்குள் மழை பிடித்துவிட்டது. கோடை மழை எங்கள் பக்கத்தில் சொல்லிக்கொண்டு வராது. நிஜாம் ஆட்டோவுக்குப் போன் பண்ணினான். பத்து நிமிடம் ஆகும் என்றான் ஆட்டோக்காரன். ரஹ்மத் பாத்திர அறையிலிருந்து வெளியே வந்து, நாங்கள் இருந்த அறையின் ஓரத்தில் நின்றாள். முகத்தை நான் பார்க்கவில்லை. முக்காட்டின் நுனியை மட்டும் பார்த்தேன்.

எழுந்து வெளியே வந்தேன். பள்ளி மதிலோரம் ஓர் அயனி மரம் உண்டு. அதன் கீழே போய் நின்றேன். மழைக்கு அது அவ்வளவாக உதவாது. இலை பெரிசு, ஒவ்வொரு இலையிலிருந்தும் தண்ணீர் கட்டியாக விழும்.

கொஞ்ச நேரத்தில் நிஜாம் தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு ஓடிவந்தான்.

"மச்சான், எதுக்கு நனையுதிய? உள்ள வாங்க." மச்சான் என்ற வார்த்தை பழக்கத்தில் வந்துவிட்டது. அவனுக்கே ஒரு மாதிரி ஆகிவிட்டது. "லாத்தாதான் கூப்பிடச் சொன்னா," என்றான்.

"அவ உள்ள இருக்கால்லா."

"இருந்தா என்ன? நம்ம சட்டத்துல அப்பிடி ஒண்ணும் இல்லியே."

"இல்லதான்," என்றேன். "நீ போ. அவள ஏத்திவிடு."

அவன் கொஞ்சம் நின்று பார்த்துவிட்டுப் போனான்.

ஆட்டோ வந்து வாசலை ஒட்டி நின்றது. உஸ்தாது குடை பிடித்தார். ரஹ்மத் படியில் குனிந்து, குவிந்து கிடந்த செருப்புகளில் ஒரு சோடியைக் காலால் நகர்த்திப் போட்டுக்கொண்டாள். அப்போதுதான் அவளுடையது எது என்று எனக்குத் தெரிந்தது. பழுப்பு நிறம். புதுசு.